காதுக்கு முதல் பாடம்

ஒலிப்பதிவு படிக்கப் போகிறவர், முதல் நாளே பாட்டுக் கேட்கலாம் என்ற எண்ணத்தோடு வகுப்பில் உட்கார்ந்தால் ஏமாந்து போகக்கூடும். நல்ல ஆசிரியர் சிலர் வெறும் இரைச்சலில்தான் பாடத்தைத் தொடங்குகிறார்கள். குற்றாலத்தில் பேரருவியை விட்டுக் கொஞ்சம் விலகி நின்றால் கேட்குமே, அதுபோல ஏற்ற இறக்கமே இல்லாத ஓர் ஓசை ஸ்பீக்கரிலிருந்து வரும். ‘பிங்க் நாய்ஸ்’ என்று அதற்குப் பெயர். அடிமட்ட பாஸ் முதல் காது எட்டும் உச்சி வரை ஒவ்வொரு ஸ்தாயிக்கும் ஒரே அளவு ஆற்றலைப் பங்கிட்டு வைத்திருக்கும் இரைச்சல் அது. அதில் ஏதோ ஓர் இடத்தை மட்டும் ஆசிரியர் 12 டெசிபல் தூக்கிவிடுவார். எந்த இடம்? 63, 125, 250, 500, 1,000, 2,000, 4,000, 8,000, 16,000 ஹெர்ட்ஸ். இந்த ஒன்பதில் ஒன்றை மாணவர் தாளில் எழுத வேண்டும்.

முதலில் பெரும்பாலும் குத்துமதிப்புதான். ஓசையில் ஏதோ மாறியது என்பது எல்லோருக்கும் தெரிகிறது. எது மாறியது என்று சொல்ல வாய் வருவதில்லை. தினமும் கால் மணி நேரம், அரை மணி நேரம் என்று விடாமல் பழகியவர்களுக்கு நாளடைவில் விடை தானாக வந்து விழத் தொடங்குகிறது. அப்போது ஆசிரியர் 12 டெசிபலை 6 ஆக்குவார், பிறகு 3 ஆக்குவார். ஒரு ஸ்தாயி இடைவெளியில் இருந்த அதிர்வெண்களை மூன்றில் ஒரு ஸ்தாயிக்கு நெருக்குவார். அடுத்து, தூக்குவதற்குப் பதிலாக இறக்குவார். இங்கேதான் தேறிய மாணவர்களும் தடுமாறுகிறார்கள். ஓர் அதிர்வெண் உயர்ந்தால் அது அக்கம்பக்கத்து ஒலிகளை மூடிக்கொண்டு முன்னால் வந்துவிடும். குறைந்தாலோ, பக்கத்து ஒலிகள் அந்த வெற்றிடத்தைத் தெரியவிடாமல் செய்துவிடுகின்றன. சேர்த்ததைக் கண்டுபிடிப்பதைவிட எடுத்ததைக் கண்டுபிடிப்பது காதுக்குக் கடினம் என்பது ஆய்வுக்கூடங்களில் உறுதியான செய்தி.

இரைச்சலில் தேறிய பிறகுதான் இசை வரும்.

இவ்வளவு பாடு எதற்கு என்று கேட்கலாம். ஒலிப்பதிவுக் கூடத்துக்குள் நுழைவதே பெரும்பாடாக இருந்த காலத்தில், கருவிகளை இயக்கத் தெரிவதே படிப்பாக இருந்தது. இன்று அந்தக் கருவிகள் மடிக்கணினிக்குள் வந்துவிட்டன. ஆடாசிட்டி மென்பொருள் 2000-ஆம் ஆண்டு முதல் இலவசமாகக் கிடைக்கிறது. 2004-இல் ஆப்பிள் நிறுவனம் கராஜ்பேண்டை வெளியிட்டது. எந்தப் பொத்தானை அழுத்தினால் என்ன நடக்கும் என்பதை யூடியூபில் பார்த்தே ஒரு பள்ளி மாணவி கற்றுக்கொள்கிறாள். ஆனால் அதிர்வெண் வாரியாக ஒலியைக் கூட்டிக் குறைக்கும் ஈக்வலைசரைத் திறந்துவிட்டு எந்த இடத்தில் கைவைப்பது என்று முடிவெடுக்க, கேட்கும் ஒலியில் எது கூடுதல், எது குறைவு என்று முதலில் தெரிந்தாக வேண்டும். மென்பொருளில் தொடங்கி மென்பொருளிலேயே முடிகிற பல சான்றிதழ்ப் படிப்புகள் இந்த இடத்தில் மாணவர்களைக் கைவிட்டுவிடுகின்றன. பாடத்திட்டத்தின் முதல் வாரத்திலேயே செவிப்பயிற்சி இருக்க வேண்டும். அதற்கு விலையுயர்ந்த கூடம் எதுவும் வேண்டாம். நடுத்தரமான ஒரு ஹெட்ஃபோன் போதும்.

ஒலிப்பதிவைக் கல்லூரியில் கற்பிக்க வேண்டும் என்று முதலில் வாதாடியவர்களில் ஓர் இசையமைப்பாளரும் இருந்தார் என்பது பலருக்கு வியப்பாக இருக்கும். மேற்கத்திய இசையின் இலக்கணத்தையே புரட்டிப்போட்ட ஆர்னல்ட் ஷோன்பெர்க், 1946-இல் சிகாகோ பல்கலைக்கழகத்தின் தலைவராக இருந்த ராபர்ட் ஹட்சின்ஸுக்கு ஒரு கடிதம் எழுதினார். ஒலிப்பதிவாளராகப் போகிறவர் இசையையும் இயற்பியலையும் சேர்த்துப் படிக்க வேண்டும், இசைக்குறிப்பைப் பார்த்த மாத்திரத்தில் அது எப்படி ஒலிக்க வேண்டும் என்பது அவர் மனத்துக்குள் கேட்க வேண்டும் என்பது ஷோன்பெர்க்கின் யோசனையின் சாரம். அதற்கு மூன்றே ஆண்டுகளில், 1949-இல், ஜெர்மனியின் டெட்மோல்டு நகரில் எரிக் டீன்ஹவுஸ் அப்படி ஒரு படிப்பைத் தொடங்கிவிட்டார். ‘டோன்மைஸ்டர்’ என்று பெயர். வாத்தியம் வாசித்துக் காட்டினால்தான் அங்கே இடம். இங்கிலாந்தின் சர்ரே பல்கலைக்கழகத்தில் 1970-இலும், மான்ட்ரியலின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் 1979-இலும் அதே வழியில் படிப்புகள் வந்தன. மெக்கில் துறையை நிறுவிய வியெஸ்வாவ் வொஷ்சிக் வார்சாவில் பயின்றவர். பின்னாளில் அவரும் அவருடைய மாணவர் ரெனே கெனலும் செவிப்பயிற்சிக்கென்றே கணினி நிரல் ஒன்றை உருவாக்கினார்கள்.

வார்சாவின் பங்கு தனியாகச் சொல்லத் தக்கது. அங்குள்ள சோபின் இசைக்கல்வி நிலையத்தில் 1970களில் ஆந்த்ஜெய் ரகோவ்ஸ்கி, தோமாஷ் லெத்தோவ்ஸ்கி போன்றவர்கள் ஒலியின் நிறத்துக்கென்று ஒரு சொல்ஃபேஜை, அதாவது செவிப்பயிற்சி வரிசையை, வகுத்தார்கள். நம்முடைய சங்கீதப் பள்ளியில் சரளி வரிசை சுருதிக்கும் தாளத்துக்கும் காதைப் பழக்குகிறது. ஒரே சுருதியில் ஒலிக்கும் வீணையையும் புல்லாங்குழலையும் வேறுபடுத்தும் அந்த நிறம் இருக்கிறதே, அதைப் படிப்படியாகக் கேட்டு அறியும் வரிசை எதுவும் அதுவரை இல்லை. வார்சாவில் அது உருவானது.

இந்தப் பயிற்சிகளில் ஒரு குறுக்குவழி உண்டு. தமிழ் மாணவருக்கு அது மிக எளிதாகக் கைவரக்கூடியது. குரல் எழுப்பாமல், ரகசியம் பேசுவதுபோல வெறும் மூச்சில் ‘ஊ, ஓ, ஆ, ஏ, ஈ’ என்று வரிசையாகச் சொல்லிப் பார்க்கலாம். குரல்நாண்கள் அதிரவில்லை. ஆகவே சுருதி என்று எதுவும் கிடையாது. ஆனாலும் ஏதோ ஒன்று கீழிருந்து மேலே ஏறிக்கொண்டே போவது தெளிவாகக் கேட்கும். ஊகாரத்துக்கு உதடு குவிகிறது, நாக்கு பின்னால் போகிறது, வாய்க்குள் இருக்கும் காற்றறை பெரிதாகித் தாழ்ந்த அதிர்வெண்களை வலுப்படுத்துகிறது. ஈகாரத்துக்கு நாக்கு முன்னால் வந்து அண்ணத்தை நெருங்குவதால் முன்பக்க அறை சிறுத்துவிடுகிறது. 2,000 ஹெர்ட்ஸுக்கு மேற்பட்ட ஒலிகள் வலுப்பெறுகின்றன. இயற்பியலாளர் ஹெல்ம்ஹோல்ட்ஸ் 19-ஆம் நூற்றாண்டிலேயே இதை ஆராய்ந்தார். அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்தில் வொல்ஃப்காங் கோலர் என்ற ஜெர்மன் உளவியலாளர், தூய ஒற்றை ஒலிகளே உயிரெழுத்துகளின் சாயலோடு கேட்கின்றன என்றும், அந்தச் சாயல்கள் ஏறத்தாழ ஒவ்வொரு ஸ்தாயிக்கும் மாறுகின்றன என்றும் சொன்னார்.

கணக்கு இப்படி வருகிறது. 250 ஹெர்ட்ஸ் பகுதி தூக்கலாக இருந்தால் ஒலி முழுவதும் ‘ஊ’ சாயல் கொள்ளும். 500 ஓகாரம், 1,000 ஆகாரம், 2,000 ஏகாரம், 4,000 ஈகாரம். அதற்கும் மேலே, 8,000 பக்கம் போனால் ‘ஸ்’ என்ற சீறல்தான். உதட்டை மூடிக்கொண்டு முனகும் ‘ம்ம்’ 125-ஐ நினைவுபடுத்தும். நெடில் எழுத்துகளைச் சொல்லிப் பழகிய நாக்குக்கு இந்த அட்டவணையைத் தனியாக மனப்பாடம் செய்ய வேண்டிய அவசியமே இல்லை. ஒரு பாடகியின் குரல்பதிவு ‘மூக்கால் பாடுவதுபோல’ இருக்கிறது, ‘டப்பாவுக்குள்ளிருந்து’ வருகிறது என்றெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தவர், எந்த உயிரெழுத்து மிகுந்திருக்கிறது என்று கேட்கத் தொடங்கினால் போதும். கை நேராகச் சரியான பொத்தானுக்குப் போய்விடும்.

இதில் காதுக்குப் புதிதாக எதையும் யாரும் ஊட்டுவதில்லை. உட்செவியில் சுருண்டிருக்கும் நத்தை எலும்புக்குள் சுமார் 35 மில்லிமீட்டர் நீளத்தில் ஒரு சவ்வு கிடக்கிறது. உயர்ந்த அதிர்வெண்கள் அதன் வாசல் பக்கத்தையும் தாழ்ந்தவை உள்கோடியையும் அதிரவைக்கின்றன. அதைக் கண்டு சொன்ன கியார்க் வொன் பெக்கெஷிக்கு 1961-இல் நோபல் பரிசு கிடைத்தது. ஆக, ஒலியை அதிர்வெண் வாரியாகப் பிரித்து அடுக்கும் வேலையைக் காது பிறந்த நாள் முதலே செய்துவருகிறது. அந்த அடுக்குகளுக்கு எண்ணும் பெயரும் மட்டும்தான் மூளையிடம் இல்லை. செவிப்பயிற்சி அந்தப் பெயர்ப் பலகைகளை மாட்டுகிறது.

ஆனால் காது நடுநிலையான அளவுகோல் இல்லை. இரண்டாவது பாடம் இங்கே தொடங்குகிறது. 1933-இல் பெல் ஆய்வுக்கூடத்தின் ஹார்வி ஃப்ளெட்சரும் வில்டன் மன்சனும் வெளியிட்ட வளைகோடுகளை ஒலிப்பதிவு மாணவர் ஒவ்வொருவரும் ஒருமுறையாவது வரைந்து பார்க்க வேண்டும். 1,000 ஹெர்ட்ஸ் ஒலி 40 டெசிபலில் எவ்வளவு உரக்கக் கேட்கிறதோ, அதே அளவுக்கு 50 ஹெர்ட்ஸ் ஒலி கேட்க வேண்டுமானால் 70 டெசிபலுக்கும் மேல் வேண்டும். ஒலியளவு கூடக்கூட இந்த இடைவெளி சுருங்கும். ஒலியைக் கூட்டினால் பாஸ் நிறைவாக வருவதும், குறைத்தால் பாட்டு சப்பென்று ஆகிவிடுவதும் இதனால்தான்.

இதிலிருந்து ஒரு பொறி உருவாகிறது. இரண்டு மிக்ஸ்களில் எது நன்றாக இருக்கிறது என்று கேட்டால், கொஞ்சம் உரக்க ஒலிப்பதையே பெரும்பாலோர் தேர்ந்தெடுப்பார்கள். ஒரு டெசிபல் வித்தியாசத்தைச் சத்தம் என்று காது உணர்வதில்லை, தரம் என்றே உணர்கிறது. மாணவர் ஒருவர் ஈக்வலைசரில் நான்கு இடங்களில் உயர்த்திவிட்டு, பாட்டு பிரமாதமாக மாறிவிட்டதாக மகிழ்வார். உயர்த்தியதால் மொத்த ஒலியளவும் கூடியிருக்கும். அதைப் பழைய அளவுக்கு இறக்கிவிட்டு, ஈக்வலைசரைப் போட்டும் எடுத்தும் கேட்கச் சொன்னால் முன்பு இருந்ததே மேல் என்று அவரே சொல்லக்கூடும். இதைவிடக் கூச்சமளிக்கும் அனுபவம் ஒன்றும் எல்லாக் கூடங்களிலும் நடப்பதுதான். பொத்தானைத் திருகித் திருகிக் குரலை மெருகேற்றிக்கொண்டே போன பிறகு, அந்த ஈக்வலைசர் இணைப்பிலேயே இல்லை என்று தெரியவரும். எதிர்பார்ப்பு காதைக் கூட்டிக்கொண்டு போய்விடுகிறது. அளவைச் சமமாக்கு, எது எதுவென்று தெரியாமல் கேள் என்று ஆசிரியர்கள் திரும்பத் திரும்பச் சொல்வதற்கு இதுவே காரணம்.

காதுக்கு அடுத்தபடி ஏமாற்றுவது அறை. நம் ஊர் வீடுகளில் 10-க்கு 10 அறை என்பது சகஜம். வீட்டில் ஸ்டுடியோ வைக்கும் பிள்ளைகளுக்குக் கிடைப்பதும் பெரும்பாலும் அதுதான். எதிரெதிர்ச் சுவர்களுக்கு இடையே 10 அடி, அதாவது 3.05 மீட்டர். அறையின் நீளத்தைப் போல் இருமடங்கு அலைநீளம் கொண்ட ஒலி அங்கே நிலையலையாக நின்றுவிடும். ஒலியின் வேகத்தை வைத்துக் கணக்கிட்டால் அது 56, 57 ஹெர்ட்ஸ். பாஸ் கிட்டாரின் ‘ஏ’ தந்தி 55 ஹெர்ட்ஸ் என்பதை இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும். நீளமும் அகலமும் ஒன்றாக இருப்பதால் இரு திசைகளிலும் அதே அதிர்வெண் சேர்ந்துகொள்கிறது. கூரையும் 10 அடி என்றால் மூன்றாவது திசையும் கூட்டு.

வகுப்பில் செய்து பார்க்க இதைவிட நல்ல சோதனை கிடையாது. கைபேசியில் ஒலி உண்டாக்கும் செயலி ஒன்றை இறக்கி, பாஸ் வரும் ஸ்பீக்கர் ஒன்றோடு இணைத்து, 56 ஹெர்ட்ஸை விட்டுவிட்டு அறைக்குள் நடக்க வேண்டும். மூலையில் நின்றால் நெஞ்சில் மோதும். நடு அறைக்கு வந்தால் யாரோ அணைத்துவிட்டதுபோல ஏறக்குறைய மறைந்துவிடும். அந்த நடு இடத்தில்தான் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து மிக்ஸ் செய்கிறார் நம் மாணவர். பாஸ் போதவில்லை என்று கூட்டுகிறார். பிறகு அதே பாட்டைக் காரில் போட்டால் கண்ணாடி அதிர்கிறது. குற்றம் மென்பொருளிலும் இல்லை, ஸ்பீக்கரிலும் இல்லை. சுவரில் முட்டை அட்டை ஒட்டினாலும் இரண்டங்குல ஃபோம் ஒட்டினாலும் இது தீராது. 56 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் 6 மீட்டருக்கும் மேல். இரண்டங்குலத்தால் அதை ஒன்றும் செய்ய முடியாது. அவை உச்ச ஒலிகளை மட்டும் உறிஞ்சி அறையை இன்னும் மந்தமாக்கிவிடும். நாற்காலியைச் சுவருக்கும் நடுவுக்கும் இடைப்பட்ட இடத்துக்கு நகர்த்துவது, மூலைகளில் தடித்த ராக்வூல் அடுக்குவது, பாஸை மட்டும் நல்ல ஹெட்ஃபோனில் சரிபார்ப்பது ஆகியவை பலன் தரும். முதலாவதுக்குச் செலவே கிடையாது.

கல்லூரிகள் வருமுன் இதெல்லாம் கூடத்திலேயே கூடமாடக் கற்றதுதான். லண்டனில் இ.எம்.ஐ. நிறுவனத்தின் ஆபி ரோடு கூடத்தில் அதற்கென்று ஒரு படிவரிசை இருந்தது. 1964-இல் சேர்ந்த கென் ஸ்காட் முதலில் நாடாக்களை அடுக்கிவைக்கும் நூலகத்தில் வேலை பார்த்தார். பிறகு நாடா இயந்திரத்தை ஓட்டும் உதவியாளர். பிறகு இசைத்தட்டு வெட்டும் அறை. அதன்பிறகுதான் மிக்ஸிங் பலகையின் முன்னால் உட்கார விட்டார்கள். வெட்டும் அறைக்கு அனுப்பியதில் ஒரு நுட்பம் இருக்கிறது. பாஸ் அளவுக்கு மீறினால் தட்டின் பள்ளத்திலிருந்து ஊசி எகிறிவிடும். பக்கத்துப் பள்ளத்தோடு உரசிவிடும். மற்றவர்கள் செய்த மிக்ஸ்களை நாள்தோறும் வெட்டியவருக்கு, எந்த ஒலி தட்டில் நிற்கும், எது நிற்காது என்பது மிக்ஸ் செய்ய உட்காருமுன்பே தெரிந்துவிடுகிறது.

1962-இல் பதின்ம வயதில் அங்கே சேர்ந்த ஜெஃப் எமரிக்கும் இதே வழியில் வந்தவர். 1966-இல் பீட்டில்ஸ் குழுவின் ‘ரிவால்வர்’ தொகுப்புக்கு அவர் பொறியாளராக உட்கார்ந்தபோது வயது 20. முரசுக்குள் கம்பளிச் சட்டையைத் திணித்து, மைக்கை விதிமுறை அனுமதித்ததைவிட நெருக்கத்தில் வைத்தார். ஜான் லெனனின் குரலை ஆர்கனுக்கான சுழலும் ஸ்பீக்கர் வழியாக அனுப்பிப் பதிவு செய்தார். விதியை எங்கே மீறலாம் என்று தெரிய, அது எதற்காக வந்தது என்று தெரிந்திருக்க வேண்டும்.

சென்னையின் ரெக்கார்டிங் தியேட்டர்களிலும் இதே குருகுலம்தான் நடந்தது. பாடகரும் முழு வாத்தியக் குழுவும் ஒரே நேரத்தில் பாடி வாசித்த காலத்தில், ஒருவர் பிசகினாலும் பாட்டு முதலிலிருந்து. எந்த வாத்தியத்தை மைக்கிலிருந்து எவ்வளவு தள்ளி உட்கார வைப்பது என்பதே மிக்ஸ். தரமணி திரைப்படக் கல்லூரியும் 1960-இல் தொடங்கிய புனே திரைப்படக் கல்லூரியும் ஒலிப்பதிவைப் பாடமாக நடத்தின. புனேயில் படித்த ரசூல் பூக்குட்டி 2009-இல் ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ படத்துக்காக ஆஸ்கர் விருதைப் பகிர்ந்துகொண்டார். ‘ரோஜா’ முதல் ஏ.ஆர். ரஹ்மானோடு பணியாற்றிய எச். ஸ்ரீதர் ‘மகாநதி’, ‘தில் சே’, ‘லகான்’, ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ ஆகிய நான்கு படங்களுக்குத் தேசிய விருது பெற்றவர். 2008 டிசம்பரில் அவர் மறைந்தார். அதே ஆண்டில்தான் ரஹ்மானின் கே.எம். இசைக் கல்லூரி சென்னையில் தொடங்கியது. இசையும் இசைத் தொழில்நுட்பமும் அங்கே ஒரே கூரையின் கீழ் இருக்கின்றன.

எந்தக் கணக்கிலும் வராத பள்ளி ஒன்றும் இங்கே உண்டு. மைக்செட். கோயில் திருவிழாவிலும் கச்சேரி மேடையிலும் மைக் ‘கூவ’த் தொடங்கினால், ஒரு நொடிக்குள் அந்த அதிர்வெண்ணை அடையாளம் கண்டு இறக்கியாக வேண்டும். தாமதித்தால் கூட்டமே திரும்பிப் பார்க்கும். 31 பொத்தான் கொண்ட ஈக்வலைசரில் கை நேராக 2,500-க்கோ 800-க்கோ போகும் ஆபரேட்டர்களை ஊர் ஊராகப் பார்க்கலாம். மெக்கில் மாணவர் கணினியின் முன் உட்கார்ந்து பெறும் திறனையே இவர்கள் மேடையோரத்தில் நின்று பெற்றிருக்கிறார்கள். கல்லூரிகள் இவர்களை வகுப்பறைக்கு அழைத்து வரலாம், ஆசிரியராக.

பாடத்துக்கு எடுக்கும் ஒலிகளும் மாற வேண்டும். வெளிநாட்டுப் பயிற்சி நிரல்களில் டிரம் செட்டும் மின்கிட்டாருமே வருகின்றன. மிருதங்கத்தில் தேடிப் படிக்க எவ்வளவோ இருக்கிறது. சாதாரண முரசின் தோல் எழுப்பும் மேலொலிகள் ஒன்றுக்கொன்று ஒத்திசைவதில்லை. அதனால்தான் அதற்குத் தெளிவான சுருதி கிடையாது. மிருதங்கத்தின் வலந்தலையில் கல்பொடியும் சோறும் குழைத்துப் பூசிய கருந்திட்டு அந்த மேலொலிகளை இழுத்துப் பிடித்து, அடிப்படைச் சுருதியின் முழு மடங்குகளுக்குக் கொண்டுவந்துவிடுகிறது. சி.வி. ராமன் 1920-இல் இதை ‘நேச்சர்’ இதழில் எழுதினார். பின்னர், தோலின் ஒன்பது அதிர்வு முறைகள் ஐந்து ஒத்திசைவுகளாகத் திரள்வதையும் காட்டினார். வலந்தலைக்கு ஒரு மைக், இடப்பக்கத் தொப்பிக்கு ஒரு மைக் வைத்துப் பதிவு செய்து, 4,000 ஹெர்ட்ஸ் பக்கம் தூக்கினால் விரல் தோலைத் தொடும் அந்தக் கணம் எப்படி முன்னால் வருகிறது, 250-ஐ இறக்கினால் தொப்பியின் கும்காரம் எப்படி மெலிகிறது என்று கேட்கலாம். அந்த ஓசையோடு வளர்ந்த காது மாற்றத்தைச் சட்டென்று பிடித்துக்கொள்ளும்.

பயிற்சி பெற்ற காதின் ரசனை சாமானியரிடமிருந்து விலகிப்போய்விடாதா என்று ஒரு சந்தேகம் எழுவது இயல்பு. ஹார்மன் நிறுவனத்தின் ஷான் ஆலிவ் 2003-இல் வெளியிட்ட ஆய்வு அதைப் போக்குகிறது. பயிற்சி பெற்றவர்களும் பெறாதவர்களுமாக 268 பேர் ஸ்பீக்கர்களைப் பார்க்காமல் கேட்டு மதிப்பெண் கொடுத்தார்கள். இரு தரப்பாரும் வரிசைப்படுத்தியது பெரும்பாலும் ஒன்றாகவே இருந்தது. பயிற்சி பெற்றவர்கள் வேறுபாடுகளை நுட்பமாகப் பிரித்தார்கள், திரும்பக் கேட்டாலும் ஒரே விடையைச் சொன்னார்கள். அவ்வளவுதான் வித்தியாசம். எல்லோருக்கும் பிடிப்பது எது என்பதைக் காரணத்தோடு சொல்ல அவர்களால் முடிந்தது.

இந்தக் காதுக்கு மாற்று உதிரிபாகம் கிடையாது என்பதையும் முதல் வாரத்திலேயே சொல்லிவிட வேண்டும். உட்செவியில் ஒலியை நரம்புச் செய்தியாக்கும் உள்வரிசை மயிர்ச்செல்கள் ஒரு காதுக்குச் சுமார் 3,500. மனிதரில் அவை மறுபடி முளைப்பதில்லை. அமெரிக்கத் தொழில் சுகாதார நிறுவனமான நியாஷ் வகுத்த வரம்பின்படி 85 டெசிபலில் 8 மணி நேரம் இருக்கலாம். ஒவ்வொரு 3 டெசிபலுக்கும் நேரம் பாதியாகும். 88-க்கு 4 மணி, 91-க்கு 2 மணி, 94-க்கு 1 மணி, 100 டெசிபலுக்கு 15 நிமிடம். தவிலுக்கும் நாகஸ்வரத்துக்கும் பக்கத்தில் மைக் வைத்துவிட்டு அங்கேயே நிற்கும் உதவியாளரும், இரவு முழுவதும் ஹெட்ஃபோனை முழு அளவில் வைத்து மிக்ஸ் செய்யும் மாணவரும் அந்த 15 நிமிடத்தை எளிதில் தாண்டிவிடுகிறார்கள். எல்லா அதிர்வெண்ணையும் ஏறக்குறைய ஒரே அளவில் குறைக்கும் இசைக்கலைஞர்களுக்கான காதடைப்பான்கள் கடைகளில் கிடைக்கின்றன. அவற்றை மாட்டிக்கொண்டாலும் ஊகாரமும் ஈகாரமும் தங்கள் இடத்திலேயே கேட்கும்.